சூலம், ராகு காலம், சுங்கச்சாவடி

முப்பத்து மூன்று வயதில் ஓய்வு பெற்றவள் என்று என்னை அறிமுகம் செய்துகொண்டால், எதிரில் இருப்பவர் முதலில் சிரிக்கிறார். பிறகு, பங்குச் சந்தையா என்று கேட்கிறார். இல்லை. தாம்பரத்தில் ஜி.எஸ்.டி. சாலையை ஒட்டிய ஒரு டிராவல்ஸ் அலுவலகத்தில் வேலை பார்த்தேன். வேனும் மினி பஸ்ஸும் வாடகைக்குக் கேட்டு வருகிறவர்களிடம், அவர்களுடைய பயணத்தில் சுங்கச்சாவடிகள் எவ்வளவு எடுத்துக்கொள்ளும், அதில் எவ்வளவை மிச்சப்படுத்தலாம் என்று முன்கூட்டியே சொல்வது என் பணி. அந்த மேசை இப்போது அங்கே இல்லை. மேசை ஓய்வு பெற்றது; அதோடு நானும் பெற்றேன். சேலையூரில் பிள்ளைகளுக்குப் பேச்சுப் பயிற்சி வகுப்பு நடத்துகிறேன். இதில் எனக்கு மனக்குறை ஏதுமில்லை என்பதை முதலிலேயே பதிவு செய்துவிடுகிறேன்.

சென்ற வாரம் அந்த அலுவலகத்தில் முன்பதிவு பார்க்கும் திவ்யாவைக் கேம்ப் ரோட்டில் ஒரு ஜூஸ் கடையில் சந்தித்தேன். "அக்கா, தப்பா எடுத்துக்காதீங்க. எங்கேர்ந்து எங்கேன்னு போட்டா ஃபோனே டோல் எவ்ளோன்னு சொல்லிடுது. இத்தனை வருஷம் நீங்க அப்படி என்னதான் பண்ணீங்க?" என்றாள். கேள்வியில் குறும்பு இருந்தது, பகை இல்லை. ஆயினும் கல்லூரி நாட்களில் ஊர் ஊராகப் போய் மேடையேறிக் கேடயம் கொண்டுவந்தவள் நான். தோற்ற போட்டிகளை ஒரு கை விரல்களில் எண்ணிவிடலாம். எண்ணி முடித்த பிறகும் விரல் மிஞ்சும். அப்படிப்பட்டவளிடம் ஒரு கேள்வியைக் கேட்டுவிட்டு, ஒரு வரி விடையோடு வீடு திரும்பிவிடலாம் என்று திவ்யா எண்ணியிருக்கக் கூடாது. இதோ முழு விடை.

வேலை கற்ற காலத்தைப் பற்றி நீட்டிச் சொல்ல ஒன்றுமில்லை. தமிழ் இலக்கியப் பட்டத்தோடு, வீட்டுக்கு அருகில் கிடைத்த வேலை என்று சேர்ந்தேன். வண்டிக் கண்ணாடிகளில் ஒட்டியிருக்கும் ஃபாஸ்டேக் வில்லைகளைச் சரிபார்ப்பது முதல் பாடம். வில்லை எந்த வகை வண்டிக்கு வழங்கப்பட்டது, அது பதிவுச் சான்றோடு பொருந்துகிறதா, கணக்கில் இருப்பு உண்டா என்று பார்க்க வேண்டும். இருப்பு தீர்ந்த வில்லையோடு சாவடிக்குப் போவது, குடையை வீட்டிலேயே வைத்துவிட்டு அடைமழைக்குள் இறங்குவது போன்றது. கூடுதல் கட்டணமும் பின்வண்டிகளின் ஹாரன் சத்தமும் சேர்ந்து நனைத்துவிடும். ஒரே சாவடியை நாள்தோறும் கடக்கும் வண்டிக்கு மாதப் பாஸ் லாபம். எப்போதாவது கடக்கும் வண்டிக்கு அதுவே நஷ்டம். சொந்தக் கார்களுக்கு ஆண்டுப் பாஸ் வந்த பிறகு, "எங்க காருக்கு இருக்கே, உங்க வேனுக்கு ஏன் இல்லே?" என்று உரிமையோடு கேட்டவர்கள் பலர். வாடகை வண்டிக்கு அந்தப் பாஸ் கிடையாது என்பதை வாசலில் நிற்கும் மஞ்சள் நம்பர் பலகையைச் சுட்டிக்காட்டி விளக்குவேன். இவையெல்லாம் எவரும் செய்யக்கூடிய வேலைகள். திவ்யாவின் ஃபோனும் செய்யும். இதுவரை நான் அவள் கட்சி.

இனி என் கட்சி.

ஒரு சாவடியைக் கடந்த வண்டி இருபத்து நான்கு மணி நேரத்துக்குள் அதே சாவடி வழியே திரும்பினால், திரும்பும் வழிக்குப் பாதிக் கட்டணம் மட்டுமே பிடிக்கப்படும். விதி இவ்வளவுதான். ஆனால் பயணம் முழுமைக்கும் ஒரே கெடு என்று நினைத்தால் கணக்கு கவிழும். ஒவ்வொரு சாவடிக்கும் தனிக் கெடு. அந்தச் சாவடியை நீங்கள் கடந்த நொடியில் அது தொடங்குகிறது. தாம்பரத்திலிருந்து திருச்சிக்குப் போகிறவர் முதலில் கடப்பது பரனூர் சாவடி. திரும்பும்போது கடைசியாகக் கடப்பதும் பரனூர்தான். ஆகவே தொலைவில் உள்ள சாவடிகளின் சலுகை எளிதில் கைக்கு வரும். வீட்டுக்கு மிக அருகில் உள்ளதுதான் நழுவும். வீடு வந்துவிட்டது என்று எல்லாரும் செருப்பைத் தேடத் தொடங்கும் நேரத்தில், சலுகை போய்விட்டது என்று ஓட்டுநரின் ஃபோனில் குறுஞ்செய்தி வந்து விழும்.

அந்தக் கெடுவுக்குள் ஒரு குடும்பம் திரும்புமா, திரும்பாதா என்பதைக் கிலோமீட்டர் தீர்மானிப்பதில்லை. வியாழக்கிழமை தெற்கே சூலம், அன்று அந்தத் திசையில் கிளம்பக் கூடாது என்பது ஃபோனுக்குத் தெரியாது. தாம்பரத்திலிருந்து எங்களிடம் வண்டி எடுப்பவர்களில் பெரும்பாலோர் போவது தெற்கே. ஆகவே வியாழக்கிழமை விசேஷம் என்றால் புதன்கிழமையே கிளம்பிவிடுவார்கள். ஒரு குடும்பத்தார் புதன் மாலையே பரனூரைத் தாண்டிச் செங்கல்பட்டில் உறவினர் வீட்டில் இரவு தங்கி, மறுநாள் காலை பயணத்தைத் தொடர்வது என்று முடிவு செய்து வந்தார்கள். பரனூரின் கெடு முதல் நாள் மாலையே ஓடத் தொடங்கிவிடுமே என்றேன். சூலத்துக்கு வேண்டியது வீட்டை விட்டுக் கிளம்புவது. சாவடியைத் தாண்டுவது அன்று. அவர்கள் மகன் பொத்தேரியில் அறை எடுத்துப் படித்துக்கொண்டிருந்தான். சாவடிக்கு இப்பாலேயே அவனிடம் தங்கிவிட்டுக் காலையில் போங்கள் என்றேன். சாஸ்திரமும் பிழைத்தது, சலுகையும் பிழைத்தது. மகன் மட்டும் அறையைப் பெருக்க வேண்டியதாயிற்று என்று பின்னர் கேள்விப்பட்டேன்.

இப்படித்தான் என் கேள்விகள் ஒவ்வொன்றாக உருவாயின. திரும்பும் நாள் என்ன கிழமை? வண்டியில் பஞ்சாங்கம் பார்க்கிறவர் யார்? நீங்கள் பெண் வீடா, பிள்ளை வீடா? பெண் வீட்டார் என்றால் கடைசி விருந்தாளி கை நனைத்த பிறகே கிளம்ப முடியும். பிள்ளை வீட்டார் என்றால், கிளம்புகிறோம் என்று சொன்ன பிறகும் ஒரு காபி உண்டு. சேலையூர்க்காரர் ஒருவர் இவற்றையெல்லாம் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "வண்டிக்குத்தானேம்மா வந்தேன்? ஜாதகமும் எடுத்துட்டு வரணுமா?" என்றார். கடைசிக் கேள்வி, வழியில் வேண்டுதல் ஏதும் பாக்கி உண்டா என்பது. எல்லாரும் இல்லை என்பார்கள். படியிறங்கப் போகும்போது திரும்பி, மேல்மருவத்தூரில் மட்டும் ஓர் ஐந்து நிமிடம் என்பார்கள். அந்த ஐந்து நிமிடத்தை நான் ஒன்றரை மணி நேரமாக எழுதிக்கொள்வேன். ஒருமுறையும் மிகையாகப் போனதில்லை.

எங்கள் முதலாளி வரதராஜன் சாரைப் பற்றி இங்கே சொல்லியாக வேண்டும். அவர் குரலை உயர்த்தி நான் கேட்டதில்லை. யாராவது அவரிடம் வாதாட வந்தால், மூக்குக் கண்ணாடியைக் கழற்றி மடித்து மேசையின் வலது மூலையில் வைப்பார். பார்வையைச் சாலையின் மேல் நிறுத்துவார். இடையில் ஒரு சொல் பேசமாட்டார். வந்தவர் பேசி முடித்ததும், "நீ சொல்ல வந்தது இதுதானே?" என்று தொடங்கி, அவருடைய வாதத்தை அவரைவிட அழகாக, அவர் மறந்த காரணங்களையும் சேர்த்து எடுத்துச் சொல்வார். கேட்டவர் மகிழ்ந்துபோய், ஆமாம் சார், அதேதான் என்பார். அதன் பிறகு, "ஆனா முடியாதுப்பா" என்று கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொள்வார். மறுப்புரை கிடையாது. கோபம் கிடையாது. எதிரணியின் சொற்களை எடுத்துத் தானே உடுத்திக்கொண்டு, எதிரணியை வெறுங்கையோடு அனுப்புகிற அந்த முறைக்கு எந்த நடுவரும் எனக்கு விடை சொல்லிக் கொடுத்ததில்லை.

அந்த முறையோடு நான் மோதியது ஏழுமலை அண்ணனுக்காக.

கோவளம் பக்கத்து மீனவர் குப்பத்திலிருந்து வந்தவர் ஏழுமலை. குடும்பப் படகு கைமாறிய பிறகு ஸ்டீயரிங் பிடித்தவர். எங்கள் பதினான்கு இருக்கை வேன் அவர் பொறுப்பில் இருந்தது. அலுவலகத்தில் அப்போது ஒரு வழக்கம். டோல் உட்பட ஒரே தொகையாக வாடிக்கையாளரிடம் சொல்லிவிடுவோம். அந்தத் தொகையில் திரும்பும் சலுகை கிடைத்துவிடும் என்று முன்னதாகவே கழித்திருப்போம். அப்போதுதான் சாலைக்கு எதிர்ப்புறம் இருக்கும் டிராவல்ஸைவிடக் குறைத்துச் சொல்ல முடியும். கெடு தப்பினால் வித்தியாசம் ஓட்டுநரின் பேட்டாவில் பிடிக்கப்படும். மூன்று முறை தப்பினால் வண்டி வேறு ஆளுக்குப் போகும். ஓட்டுநர்கள் டீக்கடைகளில் நேரம் கடத்தாமல் இருக்க ஏற்பட்ட வழக்கம் அது. அதில் நியாயமே இல்லை என்று சொல்ல மாட்டேன். ஏழுமலைக்கு ஏற்கெனவே இரண்டு முறை தப்பியிருந்தது.

சேலையூர் பாலசுப்ரமணியன் சார் வீட்டு நிச்சயதார்த்தம் திருச்சியில், ஒரு வியாழக்கிழமை. சூலத்துக்கு அஞ்சிப் புதன் இரவு கிளம்பினார்கள். பரனூரைக் கடக்கும்போது ஒன்பது மணி. விடிவதற்குள் திருச்சி. அண்ணன் படுக்கப் போகுமுன், மண்டபத்துக்கும் தங்கும் விடுதிக்கும் ஆட்களை ஏற்றி இறக்கும் வேலை தொடங்கிவிட்டது. மதியம் விருந்து முடிந்து கிளம்பலாம் என்றபோது வியாழனுக்கு உரிய ராகு காலம், ஒன்றரையிலிருந்து மூன்று. இந்த மூன்று மணிப் புறப்பாட்டை நான் முன்பே கணித்திருந்தேன். அப்போதும் பரனூருக்கு ஒரு மணி நேரம் மிச்சம் இருந்தது. என் மதிப்பீட்டில் தவறில்லை. ஆனால் உளுந்தூர்பேட்டைக்கு முன்னால் ஒரு புளியமர நிழலில் வண்டியை ஓரங்கட்டி, ஏழுமலை அண்ணன் ஸ்டீயரிங் மேல் கை வைத்தபடி நன்றாகத் தூங்கிவிட்டார். பின்னால் இருந்த எல்லாரும் விருந்துக் களைப்பில் தூங்கிக்கொண்டிருந்ததால், வண்டி நிற்பதே வெகுநேரம் எவருக்கும் தெரியவில்லை. பரனூரின் கெடு தப்பியது.

மறுநாள் பாலசுப்ரமணியன் சார் அலுவலகத்துக்கு வந்தார். அவருடைய குறை பணம் அன்று. சொன்ன தொகைக்கு மேல் அவரிடம் எதுவும் வாங்கவில்லை. சொல்லாமல் கொள்ளாமல் நடுவழியில் குடும்பத்தை நிறுத்திவிட்டு ஓட்டுநர் தூங்கியது அவருக்குப் பெரிய அவமதிப்பாகப் பட்டது. அவர் போன பிறகு, வரதராஜன் சார் ஏழுமலையை அழைத்து, சொல்லிவிட்டாவது தூங்கியிருக்கலாமே என்று கேட்டார்.

"சொன்னா வுட்ருவாங்களா சார்? 'டீ குடிப்பா, போலாம்'னுவாங்க. ராவு பூரா ஓட்டினு போனேன். காலைல பொண்ணு வூட்டுக்காரங்கள ஏத்தினேன், எறக்கினேன். அப்பால எலை போட்டு ரெண்டு பாயசம் ஊத்தினாங்க. கண்ணு சொருகிக்கினு வந்துச்சு, நிறுத்திட்டேன்."

"இது மூணாவது தடவை ஏழுமலை."

"தெரியும் சார்." சட்டைப் பையிலிருந்து வண்டிச் சாவியை எடுத்தார். "எங்க ஊர்ல கடலுக்குப் போனா நாலு பேரு போவோம். ஒருத்தன் கண்ணசந்தா இன்னொருத்தன் முழிச்சிக்கினு இருப்பான். வண்டில நான் ஒருத்தன்தானே சார் முழிச்சிக்கினு கீறேன்."

திங்கட்கிழமை முதல் வேன் வேறு ஒருவருக்கு என்று சார் சொல்லிவிட்டார். ஏழுமலை அண்ணன் சாவியை மேசைமேல் வைத்துவிட்டு வெளியே போனார். அவருக்கு வேறு வண்டி கிடைப்பது அரிது. தூங்குகிறவர் என்ற பெயர் ஜி.எஸ்.டி. சாலையில் அவரைவிட வேகமாகப் பயணம் செய்யும்.

அன்று மாலையே நான் சார் அறைக்குள் போனேன். சொல்ல வேண்டியதை வரிசைப்படுத்திக்கொண்டுதான் போனேன். டோலை இரு வழிக்கும் முழுமையாகவே சொல்லுவோம். சலுகை கிடைத்தால் அந்தத் தொகையை அப்படியே வாடிக்கையாளருக்குத் திருப்பி அனுப்புவோம். அலுவலகத்துக்கும் ஓட்டுநருக்கும் அதில் லாபமும் வேண்டாம், நட்டமும் வேண்டாம். விரைவதற்கு ஸ்டீயரிங் பிடித்தவருக்கு ஒரு காரணமும் இருக்கக் கூடாது. இதுதான் என் தீர்மானம். முன்னுரை வைத்தேன். உவமை வைத்தேன். குரலை எங்கே தாழ்த்த வேண்டுமோ அங்கே தாழ்த்தினேன். சாரின் கண்ணாடி மேசையின் வலது மூலையில் மடங்கிக் கிடந்தது. நான் முடித்ததும், "நீ சொல்ல வந்தது இதுதானேம்மா கயல்?" என்று தொடங்கி, நான் சொல்லாமல் விட்ட ஒரு காரணத்தையும் சேர்த்து, திருப்பி அனுப்பிய பணம் வாடிக்கையாளரை மறுமுறையும் அழைத்து வரும் என்றார். நான் வென்றுவிட்டேன் என்றே நினைத்தேன்.

"ஆனா முடியாதும்மா. எதிர்ல இருக்கறவன் கம்மியா சொல்வான். ஜனங்க ரோட்டைத் தாண்டிப் போயிடும்." கண்ணாடி மூக்கின் மேல் ஏறியது.

வீட்டுக்கு வந்தும் ஆறவில்லை. என் உரையை மீண்டும் மீண்டும் எடை போட்டேன். குறை ஒன்றும் தெரியவில்லை. குறை இல்லாத உரை தோற்குமானால், தோற்றது உரையன்று, அதை வைத்த இடம் என்று தோன்றியது. கல்லூரிப் போட்டிகளில் கட்சியை நாங்கள் தேர்ந்துகொள்வதில்லை, சீட்டு எடுப்போம். எந்தப் பக்கம் வந்தாலும் அதற்காகப் பேச வேண்டும். எதிர்க்கட்சிக்காகப் பேசி நான் வாங்கிய கேடயங்களும் வீட்டு அலமாரியில் இருக்கின்றன. சார் எப்போதும் எதிராளியின் வாதத்தையே சொல்கிறார். அவருடைய வாதத்தை அவருக்கு முன்னால் எவரும் முழுமையாகச் சொன்னதே இல்லை.

சனிக்கிழமை காலை அவர் வந்ததும் உள்ளே போனேன்.

"சார், இன்னிக்கு நான் உங்க கட்சி. நீங்க சொல்ல வேண்டியதை நானே சொல்லிடறேன்."

கண்ணாடியைக் கழற்றினார். நான் மேடைக் குரலை வாசலிலேயே விட்டுவிட்டுப் பேசினேன். எதிர்க் கடையைவிடக் குறைத்துச் சொன்னால்தான் வண்டி ஓடும் என்றேன். வண்டி ஓடினால்தான் ஓட்டுநர்கள், பணியாளர்கள் எல்லார் வீட்டிலும் அடுப்பு எரியும் என்றேன். வட்டிக்கு வாங்கிய வேனுக்குத் தவணை நிற்காது என்பதையும் சொன்னேன். எல்லாம் உண்மை. சார் சாலையைப் பார்த்தபடி தலையசைத்துக்கொண்டே வந்தார். கடைசியில் இவ்வாறு முடித்தேன்:

"அவங்களைவிட நாம ஒரு தொகை குறைச்சு சொல்றோம் சார். அது ஆபீஸ் பணம் இல்லை. கஸ்டமர் பணமும் இல்லை. டிரைவர் தூக்கத்தை அடக்கிட்டு ஓட்டினா வர்ற பணம். அதனால அவர் தூங்கக் கூடாது. இதுதான் நம்ம கட்சி. நான் முடிச்சுக்கறேன்."

வழக்கப்படி, நான் சொன்னதை அவர் திருப்பிச் சொல்ல வேண்டிய நேரம். கண்ணாடியை எடுத்துத் துடைத்தார். துடைத்ததையே மறுபடியும் துடைத்தார்.

"இதை இதைவிட நல்லா என்னால சொல்ல முடியாதேம்மா" என்றார்.

வென்ற பிறகு பேசுவது மேடை மரபன்று. திருச்சிக்கு எவ்வளவு கூட்டிச் சொல்ல வேண்டியிருக்கும் என்று சார் கேட்டார். சொன்னேன். இந்த முகூர்த்த மாதம் முடியும்வரை பார்ப்போம் என்றார். பிறகு, மேசைமேல் கிடந்த சாவியை என் பக்கம் நகர்த்தி, ஏழுமலைக்கு ஃபோன் போடச் சொன்னார்.

முதல் இரண்டு வாரம் சிலர் சாலையைத் தாண்டிப் போகத்தான் செய்தார்கள். எதிர்க் கடையில் குறைவாகச் சொல்கிறார்களே என்று என் முகத்துக்கு நேரே சொல்லிவிட்டுப் போனார்கள். மறுக்கவில்லை, வணக்கம் சொல்லி அனுப்பினேன். இருந்தவர்களுக்குப் பயணம் முடிந்த மறுநாள், எந்தச் சாவடியில் சலுகை கிடைத்தது, எதில் கிடைக்கவில்லை என்று ஃபாஸ்டேக் கணக்கைப் பார்த்து, கிடைத்ததை அவர்களுடைய ஃபோனுக்கே அனுப்பினேன். சின்னத் தொகைதான். ஆனால் கொடுத்த பணம் கேட்காமலே திரும்பி வருவதை நம் காலனிகளில் யார் கண்டிருக்கிறார்கள்? ஒருவர், தவறுதலாக வந்துவிட்டதோ என்று பதறி, எனக்கே அதைத் திருப்பி அனுப்பிவிட்டார். அவரைச் சமாதானம் செய்து மீண்டும் ஏற்க வைப்பதற்குள் எனக்கு ஒரு பட்டிமன்றம் பேசிய களைப்பு. முகூர்த்த மாதம் முடிந்தது. வழக்கத்தை மாற்றுவது பற்றிச் சார் பேசவே இல்லை. அது அப்படியே நின்றுவிட்டது. இன்று திவ்யா ரசீதின் கீழே அச்சடித்துக் கொடுக்கிறாளே, சலுகை கிடைத்தால் திருப்பித் தரப்படும் என்று, அந்த வரி அங்கே வந்த கதை இதுதான். முழு டோலையும் சொல்லிவிட்ட பிறகு முன்கூட்டியே கணித்துச் சொல்ல ஆள் வேண்டாம்; என் மேசை மெல்ல மெல்ல ஓய்வு பெற்றதும் இதனால்தான்.

இன்னும் ஒரு நிகழ்ச்சியைச் சொல்லி அமர்கிறேன்.

நான் விலகுவதற்குச் சில மாதங்கள் முன்பு, கீழ்க்கட்டளைக் குடும்பம் ஒன்றைத் திருச்சிக்கு அழைத்துப்போன ஏழுமலை அண்ணன், திரும்பும் வழியில் விக்கிரவாண்டியைத் தாண்டிய ஒரு டீக்கடை வாசலிலிருந்து எனக்கு ஃபோன் செய்தார். முன்பெல்லாம் அவர் கேட்டு நான் அறியாத ஒன்றைக் கேட்டார்.

"தங்கச்சி, கண்ணு சொருகுது. நிக்கட்டா?"

"நில்லுங்கண்ணா."

என் வாழ்நாளில் நான் ஆற்றிய மிகச் சிறிய உரை அது.

வண்டியில் இருந்தவர்களிடம் சொல்லிவிட்டே தூங்கினார். மறுநாள் காலை அந்த வீட்டு அம்மாவை அழைத்து, ஓட்டுநர் ஓய்வெடுத்ததில் ஆத்தூர், பரனூர் இரண்டு சாவடிகளும் கெடு தாண்டிவிட்டன, அவற்றுக்குச் சலுகை வராது என்று விளக்கினேன். கோபப்படுவார் என்று எதிர்பார்த்து, பதிலையும் தயாராக வைத்திருந்தேன். அவர் நிதானமாகச் சொன்னார்:

"பரவாயில்லம்மா. எங்க போனாலும் நான் வண்டியில தூங்கவே மாட்டேன். கண்ணாடியில டிரைவர் மூஞ்சியவே பாத்துக்கிட்டு வருவேன். நேத்து அவர் தூங்கினப்போதான், நானும் தூங்கினேன்."